நாயின் வாயை அசைத்தது யார்?

ஜூன் 4, 2023. கேள்வி

அக்கா, நீங்கள் டப்பிங்கில் இருப்பதால் உங்களிடம் கேட்கிறேன். 1960களில் வந்த 'மிஸ்டர் எட்' என்ற அமெரிக்க டிவி தொடரில் குதிரை பேசுவதற்காக அதன் வாயில் கடலை வெண்ணெயைத் தடவினார்கள் என்று படித்தேன். அதற்கு முப்பது வருஷம் முன்பே நாய்களைப் பேசவைத்துக் குறும்படங்கள் எடுத்திருக்கிறார்களாம். அங்கேயும் இதே வேலைதானே? வாயில் எதையாவது அப்பிவிட்டால் எந்த மிருகமும் பேசும். இதில் நடிப்பு எங்கே இருக்கிறது?

ஜூன் 4, இரவு 10.40

கடலை வெண்ணெய் கதை பொய், தம்பி. கிளப்பிவிட்டவரே பின்னால் ஒப்புக்கொண்டுவிட்டார். குதிரையின் எஜமானராக நடித்த ஆலன் யங்தான் அவர். ரகசியம் தெரிந்தால் குழந்தைகள் ஏமாந்துபோவார்கள், வெளியே சொல்ல வேண்டாம் என்று தயாரிப்புத் தரப்பு கேட்டுக்கொண்டதாம். பேட்டி எடுக்க வந்தவர்கள் விடாமல் கேட்கவே, இவர் கடலை வெண்ணெய் என்று சொல்லிவைத்தார். ஊரே நம்பிவிட்டது.

நடந்தது வேறு. லெஸ் ஹில்டன் என்ற பயிற்சியாளர் முதலில் குதிரையின் வாயில் மெல்லிய நைலான் இழை ஒன்றை வைத்தார். அது உறுத்த, குதிரை உதட்டை அசைத்தது. அப்புறம் குளம்பைத் தொட்டாலே உதட்டை அசைக்கப் பழகிக்கொண்டது. கடைசியில் அதுவும் தேவைப்படவில்லை. ஆலன் யங் தன் வசனத்தைப் பேசி நிறுத்தினால் போதும், குதிரை தானாகவே உதட்டை அசைக்க ஆரம்பித்தது.

இந்தக் கடைசி வரியைத் திரும்பப் படியுங்கள். எதிராளி முடித்த இடத்தில் சரியாக வாயைத் திறப்பதுதான் எங்கள் தொழிலில் முதல் பாடம். புதிதாக வருகிற பிள்ளைகள் அரை விநாடி முந்துவார்கள், இல்லை பிந்துவார்கள். அது சரியாக வர மாசக்கணக்கில் ஆகும். அந்தக் குதிரைக்கு வந்திருக்கிறது. நடிப்பு எங்கே என்று கேட்டீர்களே, இங்கேதான்.

ஜூன் 5, காலை 7.15

நாய்ப் படங்களைப் பற்றி நேற்று எழுதவில்லை. தூக்கம் வந்துவிட்டது.

ஹாலிவுட்டின் எம்.ஜி.எம். நிறுவனம் 1929 முதல் 1931 வரை வெளியிட்ட 'டாக்வில் காமெடி' வரிசையைத்தான் நீங்கள் சொல்கிறீர்கள். மொத்தம் ஒன்பது படம். எல்லாம் இரண்டு ரீல், கால் மணி நேரத்துக்குக் கொஞ்சம் முன்னே பின்னே ஓடும். ஜூல்ஸ் வைட், ஸயன் மையர்ஸ் இருவரும் இயக்கினார்கள். பேசும் படத்தை 'டாக்கி' என்று சொல்லிக்கொண்டிருந்த காலம் என்பதால், குரைக்கும் படத்துக்கு 'பார்க்கி' என்று பெயர் வைத்தார்கள். டைட்டில் கார்டிலேயே 'ஆல் பார்க்கி' என்று வரும்.

அந்தந்த வருஷம் ஓடிய பெரிய படங்களை எடுத்து நாய்களுக்கு மாட்டிவிடுவதுதான் இவர்களுடைய சூத்திரம். 'தி பிராட்வே மெலடி' வந்து ஆஸ்கர் வாங்கியதும் இவர்கள் 'தி டாக்வே மெலடி' எடுத்தார்கள். 'தி பிக் ஹவுஸ்' என்ற சிறைப்படம் 'தி பிக் டாக் ஹவுஸ்' ஆயிற்று. முதல் உலகப் போரைப் பற்றிய 'ஆல் குவைட் ஆன் தி வெஸ்டர்ன் ஃபிரன்ட்' படத்தை 'ஸோ குவைட் ஆன் தி கேனைன் ஃபிரன்ட்' ஆக்கினார்கள். ஃபைலோ வான்ஸ் என்று ஒரு துப்பறியும் கதாநாயகர் அப்போது பிரபலம். அவர் இங்கே ஃபைடோ வான்ஸ். அமெரிக்காவில் ஃபைடோ என்றால் நம் ஊரில் 'மணி' மாதிரி, எந்த வீட்டு நாய்க்கும் பொருந்துகிற பெயர்.

நான் இவற்றை முதலில் பார்த்தது 1990களின் கடைசியில். பகலெல்லாம் கார்ட்டூன் ஓடும் கேபிள் சேனலில் ராத்திரியானால் பழைய ஹாலிவுட் படம் போடுவார்களே, ஞாபகம் இருக்கிறதா? இரண்டு பெரிய படத்துக்கு நடுவே இடத்தை நிரப்புவதற்காக ஒரு நாய்ப் படம் வந்தது. மழைக்கோட்டு போட்ட நாய்கள் வரிசையாக நின்று 'சிங்கின் இன் தி ரெயின்' பாடின. ஜீன் கெல்லி குடையோடு ஆடிய படம் வருவதற்கு இருபது வருஷம் முன்பே இது வந்துவிட்டது. பாட்டு 1929இலேயே எம்.ஜி.எம். படத்தில் வந்த பாட்டுதான். அப்பாவுக்கு இங்கிலீஷ் அவ்வளவாகப் புரியாது. ஆனால் முழுசாகப் பார்த்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "நாய்க்குக் குரல் யாரு?"

வெகு காலம் கழித்துத்தான் பதில் கிடைத்தது. நாய்களுக்குக் குரல் கொடுத்தவர்களில் அந்த இரண்டு இயக்குநர்களும் உண்டு.

ஜூன் 5, மதியம்

அவசரத்தில் ஒன்றை விட்டுவிட்டேன். வாயை எப்படி அசைத்தார்கள்? டாஃபியைக் கொடுத்து மெல்ல வைத்தார்கள் என்றுதான் எங்கும் சொல்லப்படுகிறது. நம் ஊர் கமர்கட்டை நினைத்துக்கொள்ளுங்கள். பல்லில் ஒட்டிக்கொண்டு சீக்கிரம் விடாது. அதனால் தம்பி, 'வாயில் எதையாவது அப்பிவிட்டார்கள்' என்று நீங்கள் சொன்னது குதிரை விஷயத்தில் தவறு, நாய் விஷயத்தில் பாதி சரி.

ஜூன் 6, இரவு

ஒருவர் கேட்டிருக்கிறார்: நாய்ப் படங்களில் மட்டும் கேமரா இவ்வளவு சுதந்திரமாகத் திரிகிறதே, அந்த வருஷத்து மற்றப் படங்களில் ஆட்கள் மைக்குக்கு முன்னால் கம்பம் மாதிரி நிற்கிறார்களே, ஏன்?

நல்ல கேள்வி. 1929, 30இல் பேசும் படம் பிறந்த குழந்தை. கேமரா போடும் சத்தம் மைக்கில் விழாமல் இருக்க அதைக் கண்ணாடி ஜன்னல் வைத்த கூண்டுக்குள் பூட்டிவைப்பார்கள். மைக்கைப் பூச்சாடிக்குள் ஒளித்துவைப்பார்கள். நடிகர் அதைவிட்டு நகர்ந்தால் குரல் போய்விடும். நாய்ப் படத்தில் இந்தத் தொல்லையே இல்லை. ஊமைப் படமாக எடுத்துக்கொண்டு பிறகு குரலைச் சேர்த்தார்கள். ரெனி ரென்ஃப்ரோ என்ற பயிற்சியாளர் பக்கத்தில் நின்று எவ்வளவு கத்தினாலும் பரவாயில்லை, கேமராவை எங்கே வேண்டுமானாலும் தூக்கிக்கொண்டு போகலாம். அத்தனை பெரிய ஸ்டுடியோவில் பெரிய நட்சத்திரங்களுக்குக் கிடைக்காத சுதந்திரம் இந்த நாய்களுக்குக் கிடைத்தது. பின்குரல் என்ற தொழிலுக்கு இந்தப் படங்களை நான் முன்னோடியாக மதிப்பதற்கு அதுதான் காரணம்.

ஜூன் 9

வேலை நெருக்கடி. மூன்று நாளாக ஒரு சீரியலுக்கு மாமியார் குரல் கொடுத்துக்கொண்டிருந்தேன். தொண்டை கட்டிக்கொண்டது.

இன்று லீவு என்பதால் வீட்டில் ஒரு சோதனை செய்தேன். எங்கள் மணிக்கு ஆறு வயது. தெருவில் குட்டியாக எடுத்தோம், செம்பழுப்பு நிறம், ஒரு காது மடிந்திருக்கும். உப்பு, சர்க்கரை எதுவும் போடாமல் வறுத்த வேர்க்கடலையை மிக்சியில் நைசாக அரைத்தேன். (கடையில் வாங்கும் கடலை வெண்ணெயைக் கொடுக்காதீர்கள். சிலவற்றில் சைலிட்டால் என்ற இனிப்பு சேர்க்கிறார்கள், நாய்க்கு அது விஷம்.) ஒரு விரல் நுனி அளவு எடுத்து மேல் அண்ணத்தில் தடவிவிட்டு, போனில் இருபது விநாடி எடுத்தேன். பிறகு ஹெட்போனை மாட்டிக்கொண்டு, ஸ்டுடியோவில் செய்வது போலவே ஓடவிட்டு ஓடவிட்டுப் பேசிப் பார்த்தேன்.

முதலில் போட்ட வசனம்: "அப்பா, பம்பாய் போகணும்ப்பா." சுத்தமாக ஒட்டவில்லை. காரணம் உடனே பிடிபட்டது. நாய் மெல்லும்போது தாடை ஏறி இறங்குகிறது, நாக்கு நீள்கிறது, ஆனால் உதடும் உதடும் அழுந்திச் சேர்வதில்லை. ப, ம இரண்டும் உதடு சேராமல் பிறக்காது. படத்தில் வாய் திறந்திருக்கும்போது குரல் 'ம்ப்பா' என்றால் எந்தக் குழந்தையும் கண்டுபிடித்துவிடும். 'போ'வில் இன்னொரு சங்கடம். ஓகாரத்துக்கு உதடு குவிய வேண்டும். நாயால் குவிக்க முடியாது.

அப்புறம் இதைப் போட்டேன்: "ஏன்டா கண்ணா, எங்கேடா காசு? நேத்தே கேட்டேன்ல!"

அப்படியே உட்கார்ந்தது! மணி என்னிடம் கடனைக் கேட்கிற மாதிரியே இருந்தது. மூன்று தடவை போட்டுப் பார்த்தேன். 'காசு'வில் உகரம் இருக்கிறதே என்று நினைப்பீர்கள். அது குற்றியலுகரம், பேச்சில் உதடு குவியாது. ஸ்கூலில் தமிழையா குற்றியலுகரத்தை மூன்று வாரம் நடத்தினார். அது என்றைக்காவது நாய்க்கு வசனம் எழுத உதவும் என்று அவரும் நினைத்திருக்க மாட்டார், நானும் நினைத்ததில்லை.

அவரேதான் நிரோட்டகம் என்று ஒன்றைச் சொல்லிக்கொடுத்தார். உதடு ஒட்டாமலும் குவியாமலும் முழுப் பாட்டையும் பாடுவது. ப, ம, வ கிடையாது, உ, ஊ, ஒ, ஓ கிடையாது. நம் புலவர்கள் அந்தாதியே பாடியிருக்கிறார்கள். அப்போது எனக்கு அது வெறும் வித்தையாகத் தெரிந்தது. மெல்லுகிற நாய்க்கு வசனம் எழுதுகிறவனுக்கு அதுதான் இலக்கணம்.

ஜூன் 9, கொஞ்ச நேரம் கழித்து

இதை மனதில் வைத்துக்கொண்டு 'காலேஜ் ஹவுண்ட்ஸ்' படத்தை மறுபடி பார்த்தேன். கல்லூரிக் கால்பந்து ஆட்டக் கதை, எல்லோரும் நாய்கள். அவர்களுக்கும் இந்தத் தொல்லை இருந்திருக்கிறது. அவர்கள் கண்ட வழி, எழுத்தைப் பொறுக்குவது இல்லை, வெட்டுவது. நீள வசனம் வந்தால் பாதியிலேயே கேட்கிற நாயைக் காட்டிவிடுகிறார்கள். பேசும் நாயின் வாய் தெரியாதவரை எந்த எழுத்தும் பேசலாம். இன்றைக்கும் லிப் ஒட்டாத இடத்தில் எடிட்டர் அண்ணன்களைக் கெஞ்சி நாங்கள் வாங்குகிற சலுகை அதேதான்.

ஜூன் 10

நேற்று எழுதியதைப் படித்துவிட்டு மதுரைக்காரர் ஒருவர் கேட்கிறார்: "வாயை வரைந்துவிட்டால் ப, ம எல்லாம் வருமே?"

வரும். வரைந்தார்கள். ஆஸ்கரும் வாங்கினார்கள். 'ஸ்பீக்கிங் ஆஃப் அனிமல்ஸ்' என்று 1941இலிருந்து பாரமவுன்ட் வெளியிட்ட ஒரு ரீல் படங்கள். உண்மையான மிருகத்தைப் படம் பிடித்து, வாயை மட்டும் கார்ட்டூனாக வரைந்து அதன் மேல் பொருத்தினார்கள். யோசனை டெக்ஸ் ஏவரியுடையது. பக்ஸ் பன்னி என்ற கார்ட்டூன் முயலுக்கு உருவம் கொடுத்தவர்களில் முக்கியமானவர். அவர் வேலை பார்த்த வார்னர் கார்ட்டூன் பட்டறையில் இந்த யோசனையைச் சொன்னபோது முதலாளி ஏற்கவில்லை. ஒரு பக்ஸ் பன்னி படத்தின் முடிவை வெட்டியதிலும் இருவருக்கும் தகராறு. வெளியேறி வந்து முதல் மூன்று படங்களைச் செய்துவிட்டு அவர் எம்.ஜி.எம்.முக்குப் போய்விட்டார். ஜெரி ஃபேர்பேங்க்ஸ் அந்த வரிசையைத் தொடர்ந்து நடத்தினார். 1942ஆம் வருஷப் படங்களில் ஒன்றுக்கும் 1944ஆம் வருஷப் படங்களில் ஒன்றுக்கும் ஒரு ரீல் குறும்படத்துக்கான ஆஸ்கர் கிடைத்தது.

லிப் ஒட்டுவதைப் பொறுத்தவரை இதை மிஞ்ச முடியாது. ஒட்டகம் 'ம்' என்றால் உதடு மூடுகிறது. அதோடு மிருகத்துக்கு எந்த உபத்திரவமும் இல்லை. அது பாட்டுக்குத் தீனி தின்றுகொண்டு நிற்கிறது, மிச்சமெல்லாம் மேஜையில் நடக்கிற வேலை. அதனால் நாய்ப் படங்களைவிட இவையே உசத்தி என்று தைரியமாகச் சொல்லலாம்.

ஜூன் 10, இரவு 11.50

சொல்ல முடியாது. திரும்ப நாலு துண்டு பார்த்தேன். இப்போது வேறு மாதிரி தோன்றுகிறது.

வரைந்த வாய் பேசுகிறது, ஆனால் கண் அதில் கலந்துகொள்வதில்லை. பசு எங்கேயோ பார்க்கிறது, வாய் எங்களிடம் ஜோக் சொல்கிறது. ஒரு முகத்தில் இரண்டு பேர் குடியிருக்கிறார்கள். முதல் தடவை சிரிப்பு வருகிறது, மூன்றாவது தடவை வரவில்லை. நாய்ப் படத்தில் வாய் ஒட்டாவிட்டாலும் அந்த நாய் அந்த இடத்தில் இருக்கிறது. அதற்கு ஏதோ நடக்கிறது.

என்ன நடக்கிறது என்பதுதான் என்னைத் தூங்கவிடவில்லை. நாளைக்கு எழுதுகிறேன்.

ஜூன் 11

சத்தத்தை நிறுத்திவிட்டுப் பார்த்தேன். எங்கள் வேலையில் இது பழக்கம். புதுப் படம் வந்தால் முதலில் சத்தமில்லாமல் முகத்தை மட்டும் பார்ப்போம். குரல் இருந்தால் அது நம்மை ஏமாற்றிவிடும்.

சத்தமில்லாமல் பார்த்தால் சிரிப்பு போய்விடுகிறது. பின்னங்காலில் நிற்கவைத்து, கோட்டு சூட்டு மாட்டி, முன்காலில் எதையோ கொடுத்திருக்கிறார்கள். சில நாய்கள் உற்சாகமாகத்தான் இருக்கின்றன. காது முன்னால் நிற்கிறது, பார்வை கேமராவுக்குப் பக்கவாட்டில் யாரையோ எதிர்பார்க்கிறது. அங்கே தீனியோடு பயிற்சியாளர் நிற்கிறார் என்று புரிகிறது. சில நாய்கள் அப்படியில்லை. காது தலையோடு ஒட்டிக்கிடக்கிறது. கண்ணின் வெள்ளை ஓரத்தில் பிறையாகத் தெரிகிறது. மெல்ல ஒன்றும் இல்லாதபோதும் மூக்கை நக்கிக்கொள்கிறது. நாய் வளர்க்கிறவர்களுக்கு இது என்ன என்று நான் சொல்ல வேண்டியதில்லை. தீபாவளி அன்று கட்டிலுக்கு அடியில் நம் வீட்டு நாயின் முகம் இதுதான். ஒரு நாய் அசையாமல் நேராக அவ்வளவு நேரம் நிற்பது பயிற்சியால் மட்டும் முடிகிற காரியம் என்று என்னால் நம்ப முடியவில்லை. உடைக்குள் எதையோ கட்டித் தாங்கியிருக்கிறார்கள் என்றே தோன்றுகிறது.

இருபது வருஷமாக இந்தப் படங்களைக் கண்டவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரித்திருக்கிறேன். ஒரு தடவைகூட காதைப் பார்க்கவில்லை, வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். அதனால் தம்பி, 4ஆம் தேதி நீங்கள் கேட்டபோது குதிரையை வைத்து நான் சொன்ன பதில் குதிரைக்குச் சரி. நாய்களுக்கு அதை அப்படியே நீட்ட முடியாது.

'டிரேடர் ஹவுண்ட்' என்று ஒன்று இருக்கிறது. ஆப்பிரிக்காவில் எடுத்த 'டிரேடர் ஹார்ன்' படத்தின் கேலி. அங்குள்ள மனிதர்களை அந்தக் காலத்து வெள்ளைக்காரர் பார்த்த கண்ணோடு நாய்களாக்கியிருக்கிறார்கள். அதை இரண்டாம் தடவை பார்க்க எனக்கு மனம் வரவில்லை.

ஜூன் 12

திருத்தம். முந்தாநாள் பேச்சோடு பேச்சாக ஒருவருக்குப் பதில் சொல்லும்போது, 'மிஸ்டர் எட்'டுக்கு முன்னாலேயே பிரான்சிஸ் என்ற ஆண் கழுதை பேசிவிட்டது என்று எழுதிவிட்டேன். இரண்டு தவறு. அது கோவேறு கழுதை. அதுவும் பெண், உண்மைப் பெயர் மாலி. படத்தில் ஆண் குரல் கொடுத்ததால் நானும் ஏமாந்தேன். 1950இலிருந்து 1956க்குள் ஏழு படம். அவற்றில் ஆறை இயக்கிய ஆர்தர் லூபின்தான் பிறகு 'மிஸ்டர் எட்'டைக் கொண்டுவந்தார். லெஸ் ஹில்டனும் அங்கிருந்து வந்தவர்தான்.

சுட்டிக்காட்டிய அம்மாவுக்கு நன்றி.

ஜூன் 12, மாலை

"அந்தக் காலத்தில் யாரும் கேட்கவில்லையா?" என்று இரண்டு பேர் கேட்டிருக்கிறீர்கள். கேட்டார்கள், ஆனால் சட்டமும் கண்காணிப்பும் வந்தது நாய்ப் படங்கள் நின்ற பிறகு. படமெடுக்கும்போது மிருகத்தை வதைத்திருந்தால் அந்தக் காட்சியைத் திரையிடக் கூடாது என்று பிரிட்டனில் 1937இல் சட்டம் வந்தது. ஹாலிவுட்டில் 1939இல் வெளிவந்த 'ஜெஸ்ஸி ஜேம்ஸ்' படத்துக்காகக் குதிரையைச் செங்குத்தான பாறையிலிருந்து தண்ணீரில் விழவைத்தார்கள், அது செத்தது. அந்தக் கொதிப்பில்தான் 1940 முதல் படப்பிடிப்புகளைக் கண்காணிக்கும் உரிமை அமெரிக்க மனிதநேய சங்கத்துக்குக் கிடைத்தது. நம் நாட்டில் 2001 விதிகளுக்குப் பிறகு விலங்கு நல வாரியத்தில் அனுமதி வாங்காமல் ஒரு மாட்டைக்கூட நடிக்கவைக்க முடியாது. படம் தொடங்கும் முன் 'விலங்குகள் எதுவும் துன்புறுத்தப்படவில்லை' என்று வருகிற அந்த எழுத்து வரிக்குப் பின்னால் இத்தனை கதை இருக்கிறது.

ஜூன் 14

இது வாய் பற்றியது இல்லை, பெயர் பற்றியது.

'மிஸ்டர் எட்' தொடரின் டைட்டிலில் குதிரையாக நடித்தது யார் என்ற இடத்தில் 'அவரே' என்று போடுவார்கள். அழகான யோசனை, குழந்தைகள் நம்புவார்கள். ஆனால் அந்தக் குரல் ஆலன் லேனுடையது. 'ராக்கி' லேன் என்று குதிரைமேல் ஏறிப் பல கௌபாய் படங்களில் கதாநாயகனாக நடித்தவர். வாய்ப்பு குறைந்த காலத்தில் குதிரைக்கே குரலானார். அவர் பெயர் டைட்டிலில் வரவில்லை.

எனக்கும் ஒரு நாய் உண்டு. பல வருஷம் முன்பு, வெளிநாட்டுக் குழந்தைகள் தொடர் ஒன்றைத் தமிழில் கொண்டுவந்தார்கள். அதில் பேசும் நாய்க்கு நான்தான் குரல், ஐம்பது எபிசோடுக்கு மேல். வடபழனியில் ஒரு மாடி அறை, ஏ.சி. சத்தம் மைக்கில் விழும் என்று நிறுத்திவிட்டு வேர்க்க வேர்க்கப் பேசுவோம். ஒளிபரப்பானபோது மூலத் தொடரின் பெயர்கள் மட்டும் ஓடின, தமிழ்க் குரல்கள் ஒருவர் பெயரும் இல்லை. கேட்டதற்கு "இடமில்லை" என்றார்கள். கடைசிப் பன்னிரண்டு எபிசோடுக்குக் காசும் வரவில்லை. அது போனால் போகிறது, பெயர் போடாததுதான் இன்னும் வலிக்கிறது. எங்கள் தெருப் பிள்ளைகள் அந்த நாய் மாதிரியே பேசிக்கொண்டு ஓடும். அது நான்தான் என்றால் நம்பாது. நம்பவைப்பதற்காகப் பால் வாங்கப் போகும்போது அந்தக் குரலில் கூப்பிடுவேன், ஓட்டம் நின்றுவிடும்.

அப்பா அன்றைக்குக் கேட்ட கேள்வியின் அருமை எனக்கு இதில்தான் புரிந்தது. "நாய்க்குக் குரல் யாரு?"

ஜூன் 17

ஒரு நல்ல விஷயம் கிடைத்தது. கோவையில் கால்நடை மருத்துவம் படிக்கிற பெண் ஒருத்தி எழுதி அனுப்பினாள். 2019இல் வெளிவந்த ஆய்வு. நாயின் உள்புருவத்தை மேலே தூக்குவதற்கென்று ஒரு தசை இருக்கிறதாம். அந்தத் தசை ஓநாய்க்கு ஒழுங்காக அமையவில்லை, சில நார்களாக மட்டுமே இருக்கிறது. மனுஷனோடு சேர்ந்து வாழ்ந்த ஆயிரக்கணக்கான வருஷங்களில் நாய்க்கு அது வலுத்திருக்கலாம் என்பது அவர்கள் கருத்து. புருவத்தைத் தூக்கினால் கண் பெரிதாகத் தெரிகிறது, நமக்கு மனசு இளகுகிறது, சோற்றில் பங்கு கிடைக்கிறது.

படித்ததிலிருந்து எனக்கு வேறு நினைப்பே இல்லை. நாய்க்கு வாயில் பேச்சு இல்லை, புருவத்தில் இருக்கிறது! டாஃபியைக் கொடுத்தவர்களும் வாயை வரைந்தவர்களும் தங்கள் சாமர்த்தியத்தையெல்லாம் தப்பான இடத்தில் கொட்டியிருக்கிறார்கள். 10ஆம் தேதி ராத்திரி 'கண் கலந்துகொள்வதில்லை' என்று நான் தடவித் தடவிச் சொன்னது இதைத்தான்.

நாய்ப் படங்களை மறுபடி ஓட்டினேன், இந்தத் தடவை புருவத்துக்காக. உண்மையாகவே சிரிப்பு வருகிற இடங்களைக் குறித்துக்கொண்டே வந்தேன். பேசுகிற நாயிடம் ஏறக்குறைய ஒன்றும் இல்லை. எல்லாம் கேட்டுக்கொண்டிருக்கிற நாயிடம் இருக்கிறது. வெட்டி ஒட்டுவதற்காகச் சும்மா உட்காரவைத்து எடுத்த காட்சிகள் அவை. வாயில் மிட்டாய் இல்லை, யாரும் நிற்கவைக்கவில்லை. எங்கேயோ ஒரு சத்தம் கேட்க, தலையை ஒரு பக்கம் சாய்த்து ஒரு புருவத்தை மட்டும் தூக்குகிறது. அந்த இடத்தில் குரல் கொடுத்தவர் ஒரு "ம்?" போட்டிருந்தால் வயிறு குலுங்கியிருக்கும். அவர்கள் விட்டுவிட்டார்கள்.

ஜூன் 18, ஞாயிறு

நானே போட்டுப் பார்த்தேன்.

மணியிடம் ஒன்றும் கொடுக்கவில்லை. மாலை நாலரை மணிக்குக் கேட் பக்கம் படுத்திருந்தான். மீன்காரர் வண்டி தெருமுனையில் திரும்பும் நேரம் அது. போனைத் தரையில் சாய்த்துவைத்துவிட்டு உள்ளே வந்துவிட்டேன். முதலில் இடது காது எழுந்தது. அப்புறம் வலது புருவம் மட்டும் ஏறியது, பின்னாலேயே இடது புருவம். ஹாரன் சத்தம் நெருங்க நெருங்க இரண்டு புருவமும் மாறி மாறித் தராசு மாதிரி ஆடின. வாய் கடைசிவரை மூடியே இருந்தது. வண்டி எங்கள் வீட்டைத் தாண்டிப் போனதும் மூக்கு வழியாக ஒரு பெருமூச்சு விட்டுவிட்டு, தாடையைத் தரையில் வைத்துவிட்டான்.

வசனம் எழுத எனக்கு ஐந்து நிமிஷம் ஆயிற்று. வாய் மூடியிருப்பதால் எழுத்துக் கட்டுப்பாடு கிடையாது. ப, ம, ஓ, ஊ எல்லாம் தாராளமாகப் போட்டேன். மனசுக்குள் பேசுகிற குரலில், மெதுவாக: "வர்றாரு... நம்ம வீட்டுக்குத்தான்... போன வாரம் மத்தி... இன்னிக்கு வஞ்சிரமோ?... மெதுவாப் போப்பா... ஓ. போயிட்டாரு." அந்த "ஓ"வைப் பெருமூச்சுக்கு முன்னாலேயே போட்டேன், சரியாக விழவில்லை. பெருமூச்சு முடிந்து கால் விநாடி கழித்துப் போட்டதும் விழுந்தது. ஆலன் யங் பேசி நிறுத்தக் குதிரை காத்திருந்த மாதிரி, இங்கே நான் மணிக்காகக் காத்திருக்க வேண்டியிருந்தது.

பக்கத்து வீட்டுப் பையனிடம் இரண்டையும் காட்டினேன், கடலை மெல்லுகிற துண்டையும் மீன் வண்டித் துண்டையும். ஏழு வயசு. கடலைக்கு ஒரு தடவை சிரித்தான். மீன் வண்டியை ஒன்பது தடவை போடச் சொன்னான். போகும்போது மணி பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, "அடுத்த வாரம் வஞ்சிரம் வரும்டா" என்று சொல்லிவிட்டுப் போனான்.

ஜூன் 19

தம்பி துண்டைப் பார்த்துவிட்டு எழுதியிருக்கிறார்: "அக்கா, இது டாக்வில் இல்லையே, இதில் கதையே இல்லையே." ஆமாம், இல்லை. கால்பந்து ஆட்டமும் கொலைக் கேசும் இந்த முறையில் எடுக்க முடியாது. அவர்கள் கால் மணி நேரக் கதை சொன்னார்கள், நான் நாற்பது விநாடி காட்டினேன். ஒரு நாயைத் தன் இஷ்டப்படி விட்டுவிட்டு எவ்வளவு பெரிய கதை கட்டலாம் என்று எனக்குத் தெரிய வேண்டும். காத்திருத்தல் வருகிற கதைகளாக யோசித்துக்கொண்டிருக்கிறேன். பஸ் ஸ்டாண்டு, ரேஷன் கடை வாசல், மருத்துவமனை வராண்டா. நாய்கள் நன்றாகக் காத்திருக்கும்.

ஜூன் 19, இரவு

இன்னொன்று. அந்தத் துண்டைப் பகிர்கிறவர்கள் கீழே பெயர் போடுங்கள். நடிப்பு: மணி. குரல் என்று தனி வரியில் என் பெயர். இரண்டும் வேண்டும்.